குரல் போன நாளின் சுற்றுலா

சுற்றுலா வேன் கம்பெனியில் அவளுக்கு வாயாடி என்றுதான் பெயர். முதலாளி முதல் வேன் கழுவுகிறவர் வரை எல்லோரும் அப்படித்தான் கூப்பிட்டார்கள். அவளும் அதை ஏதோ பட்டம் கொடுத்ததைப் போல ஏற்றுக்கொண்டிருந்தாள். காலையில் வேனில் ஏறி மைக்கைக் கையில் எடுத்தால், இடிந்த கோட்டை, கூடை பின்னுகிற ஊர், அருவி என்று மூன்று இடமும் காட்டி, பொழுது சாய்வதற்குள் எல்லோரையும் ஏறின இடத்திலேயே இறக்கிவிடும் வரை அந்த வாய் ஓயாது. "கல்லைக்கூடப் பேச வெச்சிடுவா" என்பார் வேன் ஓட்டுகிற அண்ணன். கூடப் பிறந்தவர் இல்லை; ஒரே வேனில் பல வருஷம் சேர்ந்து வெயிலும் புழுதியும் தின்றதில் அண்ணன் ஆனவர்.

சோதனை வந்தது அந்த வாய்க்குத்தான். தொண்டையில் சின்னதாக ஒரு கட்டி. பயப்படும்படி ஒன்றும் இல்லை என்று சொல்லி டாக்டர் அதை எடுத்துவிட்டார். "ஒரு மாசத்துக்குக் குரலைச் சிக்கனமா செலவு பண்ணுங்க. கத்தவே கூடாது" என்றார். பேசுவதுதானே என் பிழைப்பு என்று அவள் சொல்ல வாயெடுத்தாள். அதற்குள் அவர் உதட்டின் மேல் விரலை வைத்துக் காட்டிவிட்டார்.

வீடு அமைதியாக இருந்தது அவள் கணவருக்கு முதலில் வரமாகத்தான் தெரிந்தது. நாள் போகப் போக அதுவே தண்டனையாகிவிட்டது. "ஏதாவது திட்டவாவது செய்யேன், வீடே காலி பண்ணின மாதிரி இருக்கு" என்று புலம்பினார். முதலாளி வந்து பார்த்துவிட்டு, "முடியலன்னா கவுண்ட்டர்ல உட்கார்ந்து டிக்கெட் போடும்மா. சம்பளம் அதேதான்" என்றார். நல்ல மனுஷன், அன்பாகத்தான் சொன்னார். ஆனாலும் கண்ணாடித் தடுப்புக்குப் பின்னால் நாள் முழுக்க உட்கார்ந்திருப்பதை நினைத்தாலே அவளுக்கு மூச்சு முட்டியது. டாக்டர் சொன்ன கெடு முடியும் முன்பே, ஒரு பாட்டில் வெந்நீரும் கழுத்தில் ஒரு துணியுமாக வேனுக்கு வந்து நின்றாள்.

"வேண்டாம்மா, விஷப் பரீட்சை" என்றார் அண்ணன்.

"மைக் இருக்குல்ல அண்ணே. மெதுவா பேசறேன்" என்றாள். குரல் கரகரத்தாலும் வந்தது.

அன்றைக்கு வேன் நிறைந்திருந்தது. புதிதாகக் கல்யாணமான ஜோடி ஒன்று. ஒரு பெரிய குடும்பம். வெயிலோ நிழலோ குடையை மடக்காமல் வைத்திருந்த ஒரு பெரியவர், அவர் மனைவி. கடைசி இருக்கையில் அக்காவும் தங்கையுமாக இரண்டு பெண்கள். அக்காவுக்கு நாற்பது வயதிருக்கும். ஜன்னல் பக்கம் உட்கார்ந்து, வெளியே பார்க்காமல், பேசுகிறவர்கள் முகத்தையே மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தாள். ஏதோ கோபம் போல என்று வாயாடி நினைத்துக்கொண்டாள்.

கோட்டையில் முதலில் எல்லாம் நன்றாகத்தான் போனது. இடிந்த மதில், உடைந்த தூண்கள், புல் முளைத்த முற்றம் என்று சுற்றிக் காட்டினாள். பெரிய குளத்தின் கரைக்கு வந்து, "இந்தக் குளத்துல ஒரு விசேஷம் இரு..." என்று ஆரம்பித்தாள். அவ்வளவுதான். 'இருக்கு' பாதியில் நின்றது. வெந்நீர் குடித்தாள், இருமினாள், திரும்ப வாயைத் திறந்தாள். காற்றுகூட வரவில்லை. மைக் இருந்து என்ன செய்ய? விளக்கில் எண்ணெய் இருந்தால்தானே திரியைத் தூண்ட முடியும்.

எல்லோரும் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். அரைக் கிணறு தாண்டியது போல, முன்னாலும் போக முடியாது, பின்னாலும் போக முடியாது. நாளை முதல் கண்ணாடித் தடுப்புதான் என்று மனசு முடிவே கட்டிவிட்டது.

வேனருகே டீ குடித்துக்கொண்டிருந்த அண்ணன் மைக் சத்தம் பாதியில் நின்றதைக் கேட்டு ஓடி வந்தார். மைக்கை வாங்கிக்கொண்டார். அவள் சொல்வதைக் காலமெல்லாம் கேட்டவர்தான். ஆனால் பாதி நாள் இங்கே வேனுக்குள் குறட்டை விட்டதும் அவர்தான்.

"அதாவது... இது குளம்" என்றார். யாரும் மறுக்கவில்லை. "ராணி குளிச்ச குளம். ராணி தினமும் வந்து... குளிப்பாங்க."

"குளிச்சிட்டு?" என்றார் குடைப் பெரியவர்.

"துவட்டிக்குவாங்க."

சிரிப்பு எழுந்தது. அண்ணன் நெற்றியைத் துடைத்துக்கொண்டார். வாயாடி தவிப்போடு தலையை ஆட்டி, சத்தமே இல்லாமல் உதட்டை மட்டும் அசைத்தாள். பழக்கதோஷம், சொல்ல வேண்டியதை வாய் தானாகச் சொல்லிக்கொண்டே போனது.

"ராணி இல்லையாம்! குதிரை குளிச்ச குளமாம்!"

கூட்டத்தின் பின்னாலிருந்து ஒரு குரல். ஏற்ற இறக்கம் இல்லாமல், தட்டையாக, கோட்டைச் சுவர் முழுக்க எதிரொலிக்கும்படி அவ்வளவு சத்தமாக வந்தது. எல்லோரும் திரும்பினார்கள். கடைசி இருக்கை அக்கா.

பக்கத்தில் நின்ற தங்கை சட்டென்று உள்ளங்கையைக் கீழே அழுத்துவது போல ஒரு சைகை காட்டினாள். அக்கா உடனே வாயை மூடிக்கொண்டாள். "மன்னிச்சுக்கோங்க" என்றாள் தங்கை. "சின்ன வயசுல காய்ச்சல் வந்து அக்காவுக்குக் காது போயிடுச்சு. எவ்வளவு சத்தமா பேசறோம்னு அவளுக்குத் தெரியாது. உதட்டைப் பார்த்துப் புரிஞ்சுக்குவா."

வாயாடிக்கு ஒரு நொடி ஒன்றும் விளங்கவில்லை. விளங்கியதும் கூட்டத்தைப் பிளந்துகொண்டு போய் அந்தப் பெண்ணின் முன்னால் நின்றாள். முகத்தை நேராக வைத்து, நிதானமாக உதட்டை அசைத்தாள்.

அந்தப் பெண் தங்கையைப் பார்த்தாள். கீழே அழுத்திக்கொண்டிருந்த கையைத் தங்கை எடுத்துவிட்டாள்.

"ஒரு பக்கம் படி இல்லாம சரிவா இருக்கு பாருங்கன்னு சொல்றாங்க!" என்று முழங்கியது குரல். "குதிரைக்குப் படி இறங்க வராது. அதான் சரிவு. கல்லுல இருக்கிற பள்ளமெல்லாம் குதிரைக் குளம்பு பட்டுத் தேய்ஞ்சதாம்!"

எல்லோரும் குனிந்து பார்த்தார்கள். ஆமாம், கல்லில் வரிசையாகத் தேய்ந்த பள்ளங்கள். "அட!" என்றார் குடைப் பெரியவர். அதுவே அவர் அன்றைக்குச் சொன்ன முதல் நல்ல வார்த்தை.

அப்புறம் கோட்டை முழுக்க அப்படியே போனது. வாயாடி பின்பக்கமாக நடந்தபடி உதட்டை அசைப்பாள், அந்த அக்கா சொல்வாள். அந்தப் பெண் சொந்தமாகத் தையல் கடை வைத்திருப்பவள் என்பது இதற்குள் தெரிந்துவிட்டது. மைக் அண்ணன் கையில் சும்மா இருந்தது. அதற்குத் தேவையே இல்லை.

சறுக்கலும் இல்லாமல் இல்லை. கல் மேடைக்கு வந்தபோது தையல்காரி கணீரென்று அறிவித்தாள்: "ராஜா தினமும் சாயங்காலம் இங்க உட்கார்ந்து மாடு கேட்பாராம்!"

"மாடா? யார்கிட்ட?" என்றார் பெரியவர்.

வாயாடி வயிற்றைப் பிடித்துக்கொண்டு சத்தமில்லாமல் சிரித்தாள். காதருகே கை வைத்து, தலையை ஆட்டி, தாளம் போட்டுக் காட்டினாள்.

"ஓ, பாட்டா!" தையல்காரியும் சிரித்துவிட்டாள். "நான் என்ன செய்ய? உதட்டுக்கு 'பா'வும் 'மா'வும் ஒண்ணுதான்!"

அந்தப் புதுமாப்பிள்ளை அதற்கப்புறம் நாள் முழுக்க வேனில் யார் பாட்டுப் போட்டாலும் "மாட்டை நிறுத்துங்கப்பா" என்று சொல்லிக்கொண்டிருந்தான்.

மத்தியானம் கூடை பின்னுகிற ஊருக்குப் போனார்கள். தெருவெல்லாம் மூங்கில் சீவல். ஒவ்வொரு வாசலிலும் கூடை, முறம், விளக்குக் கூண்டு. வியாபாரம் மும்முரமாக இருந்தது. ஒரு காதில் போனை இடுக்கிக்கொண்டே பின்னிக்கொண்டிருந்த அம்மாள் ஒருத்தி, போனை வைத்துவிட்டு இவர்களுக்கு விளக்கம் சொல்ல ஆரம்பித்தாள். மூங்கிலை எப்படிப் பிளப்பது, எப்படி நனைப்பது, எந்தப் பட்டை எதன் மேல் ஏற வேண்டும். இங்கே வாயாடிக்கு வேலை இல்லை. அப்பாடா என்று ஒரு கட்டையில் உட்கார்ந்தாள்.

கூடைக்காரி பேச்சில் கெட்டிக்காரி. "என் வீட்டுக்காரரு கல்யாணமான புதுசுல எனக்கு ஒரு கூடை பின்னிக் கொடுத்தாரு. தண்ணி மொள்ளலாம்னு கொண்டு போனேன். அவரு பேச்சு மாதிரியே ஒரு சொட்டு நிக்கல" என்றாள். எல்லோரும் கொல்லென்று சிரித்தார்கள்.

தையல்காரியும் சிரித்தாள். ஆனால் ஒரு கணம் பிந்தி. சிரிக்கிற முகங்களைச் சுற்றிப் பார்த்துவிட்டு, அப்புறம் சிரித்தாள்.

வாயாடி அதைக் கவனித்தாள். கூடைக்காரி குனிந்த தலை நிமிராமல் பின்னிக்கொண்டே பேசுகிறாள். உதடு எங்கே தெரியும்? சற்று முன்வரை கோட்டைக்கே குரல் கொடுத்தவள், இங்கே ஒரு வார்த்தை பிடிபடாமல், புரிந்தவளைப் போல நின்றுகொண்டிருக்கிறாள். எத்தனை கல்யாண வீட்டில், எத்தனை கடையில் இப்படிப் பிந்திச் சிரித்திருப்பாளோ. என் வேனிலேயே, நான் கோட்டையைப் பார்த்துக்கொண்டு, முதுகைக் காட்டிக்கொண்டு கதை அளந்த நாட்களில், இப்படி எத்தனை பேர் பின்னால் நின்றிருப்பார்கள்?

எழுந்து போனாள். கூடைக்காரிக்கும் தையல்காரிக்கும் நடுவில், தையல்காரியைப் பார்த்தபடி குந்தினாள். கூடைக் கதையை முதலிலிருந்து சத்தமில்லாமல் சொன்னாள், சொட்டுத் தண்ணீர் நிற்காதது உட்பட.

தையல்காரி வெடித்துச் சிரித்தாள். மற்றவர்கள் சிரித்து முடித்து வெகுநேரம் ஆகியிருந்தது. கூடைக்காரி நிமிர்ந்து பார்த்தாள். "இவங்கதான் நல்லா சிரிக்கிறாங்க" என்று சந்தோஷப்பட்டு, அப்புறம் முழு நேரமும் நிமிர்ந்தே பேசினாள்.

கடைசியாக அருவி. பாறை இடுக்கில் திரும்பியதும் சாரல் முகத்தில் அடித்தது. அதன் இரைச்சலில் யார் பேசினாலும் யாருக்கும் கேட்காது. குடைப் பெரியவர் மனைவியிடம் ஏதோ கத்தினார்; அந்த அம்மாள் "ஆங்? ஆங்?" என்றாள். புது ஜோடி ஒருவர் காதில் ஒருவர் வாய் வைத்துக் கத்திப் பார்த்துக் கைவிட்டது. அண்ணன் எல்லோரையும் வழுக்குகிற பாறைப் பக்கம் போகாதீர்கள் என்று கையாலேயே விரட்டினார்.

ஈரப் பாறை ஒன்றில் வாயாடியும் தையல்காரியும் எதிரெதிரே உட்கார்ந்தார்கள். அவ்வளவு கூட்டத்தில் அந்த இரண்டு பேருக்கு மட்டும் பேச எந்தத் தடையும் இல்லை. முதலில் தையல்காரி வழக்கம் போலக் குரலெடுத்துத்தான் பேசினாள். வாயாடி காதைத் தொட்டு, கேட்கவில்லை என்று கையை விரித்தாள். தையல்காரிக்கு அது வேடிக்கையாக இருந்தது. உதட்டை மட்டும் நிதானமாக அசைத்தாள். நாள் முழுக்க அந்த முகத்தையே பார்த்திருந்ததில் வாயாடிக்கும் அது புரிந்தது.

"இந்தச் சத்தம் எப்படி இருக்கு?"

வாயாடி வழக்கமாகச் சொல்கிற வசனங்கள் எல்லாம் நாக்கு நுனிக்கு வந்தன. இடி மாதிரி, சிங்கம் மாதிரி. எல்லாவற்றையும் விழுங்கிவிட்டு யோசித்தாள்.

"உங்க கடையில எத்தனை மெஷின்?"

"ஆறு."

"ஆறும் சேர்ந்து ஓடினா காலுக்குத் தெரியுமா?"

"நல்லாத் தெரியும். ஒண்ணு நின்னாலும் எது நின்னுச்சுன்னு சொல்லிடுவேன்."

"அந்த மாதிரி ஊர் பூரா மெஷின். ஒண்ணுகூட நிக்கல."

தையல்காரி செருப்பைக் கழற்றினாள். வெறும் காலைப் பாறையில் பதித்துக் கண்ணை மூடினாள். வெகுநேரம் அப்படியே இருந்தாள். கண்ணைத் திறந்தபோது கன்னமெல்லாம் ஈரம். சாரலாகவும் இருக்கலாம்.

"ரொம்ப நன்றிங்க" என்றது உதடு.

"நீங்க எனக்கு நன்றி சொல்றதா? நான்தான் சொல்லணும். நீங்க இல்லன்னா இன்னிக்கு என் கதி?"

"நான் எத்தனையோ இடம் போயிருக்கேன். எல்லாரும் இடத்தைப் பார்த்துதான் பேசுவாங்க. நான் கல்லைப் பார்த்துட்டு, மரத்தைப் பார்த்துட்டு வீட்டுக்கு வந்துடுவேன். ஒரு நாள் முழுக்க என் முகத்தைப் பார்த்து ஒருத்தர் பேசினது இன்னிக்குத்தான்."

வாயாடி அந்தப் பெண்ணின் ஈரமான கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அண்ணன் வந்து கடிகாரத்தைத் தட்டிக் காட்டும் வரை இரண்டு பேரும் எழுந்திருக்கவில்லை.

திரும்பும் வழியில் தங்கை வாயாடி பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். "வீட்ல விசேஷம்னா அக்கா அடுப்படிக்குள்ள போய்ப் புகுந்துக்குவா. இன்னிக்கு அவ பேசின பேச்சு!" என்றாள். பின்னால் தையல்காரி குடைப் பெரியவரோடு ஏதோ பெரிய விவாதத்தில் இருந்தாள். அவர் குடையை மடக்கி மடியில் வைத்துக்கொண்டு, அவள் பார்க்கும்படி முகத்தை நீட்டி நீட்டிப் பேசிக்கொண்டிருந்தார்.

அண்ணன் நடந்ததை முதலாளியிடம் கண்ணு காது மூக்கு வைத்து, கொஞ்சம் மசாலாவும் தூவிச் சொன்னார். முதலாளி சிரித்துவிட்டு, "குரல் சரியாகற வரைக்கும் வீட்ல இரு. உன் வேன் உனக்குத்தான். அதுல வேற யாரையும் போட மாட்டேன்" என்றார். சொன்னபடியே செய்தார். வாயாடியும் இந்தத் தடவை டாக்டர் பேச்சைத் தட்டவில்லை. குரல் கொஞ்சம் தடித்து, ஆனால் திடமாகத் திரும்பி வந்தது. வந்த முதல் நாள் வீட்டில் கணவரை ஆசை தீரத் திட்டினாள். அவர் காது குளிரக் கேட்டுக்கொண்டார்.

தையல்காரியோடு பழக்கம் விடவில்லை. கிடைத்த ஒரு விடுமுறையில் இரண்டு பேரும், வாயாடியே பார்த்திராத ஒரு மலைக் குகைக்கு, வேறொரு கம்பெனி வேனில் சாதாரணப் பயணிகளாகப் போனார்கள். குகை வாசலில் வழிகாட்டி இளைஞன் பாறையைப் பார்த்துத் திரும்பிக்கொண்டு கடகடவென்று ஆரம்பித்தான்.

வாயாடி முன்னால் போய் அவன் தோளைத் தொட்டாள்.

"தம்பி, ரொம்ப நல்லா சொல்றீங்க. கொஞ்சம் இந்தப் பக்கம் திரும்பிச் சொல்றீங்களா? எங்க அக்காவும் கேட்கணும்."

அவன் திரும்பினான். தையல்காரி ஒரு எட்டு முன்னால் வந்து, அவன் முகத்தைப் பார்த்தபடி, வசதியாக நின்றுகொண்டாள்.