அசாத் தைத்த சப்பாத்து

எங்கள் அப்பா யாரையாவது அடிப்பதற்கு முன்னால் கை மணிக்கூட்டைக் கழற்றி வைப்பார். விலையான மணிக்கூடு, கண்ணாடி உடையக் கூடாது. எதிரே நிற்பவனின் மூக்கு உடையலாம், அதில் அவருக்கு ஆட்சேபணை இல்லை. வார் கழலும் அந்தச் சின்னச் சத்தம் கேட்டால் நானும் தம்பி துஷாந்தும் ஆளுக்கொரு அறைக்குள் ஓடிப்போய்க் கதவைச் சாத்துவோம். அம்மா புனிதவதிக்கு ஓட இடமில்லை, அவள் குசினியில் அடுப்படியிலேயே நிற்பாள்.

அப்பா ஜெயரட்ணம் என்றால் ஸ்காபரோவில் பாதிப் பேருக்குத் தெரியும். கோயில் நிர்வாகசபையில் இருக்கிறார், கலியாண வீடுகளில் முன்வரிசையில் இருக்கிறார். கனடாவுக்கு வந்த புதிதில் டவுன்டவுனில் ஒரு ஹோட்டலில் கோப்பை கழுவினார். வெள்ளைக்காரன் தின்றுவிட்டுப் போன எச்சில் தட்டைத் தேய்த்துத்தான் எங்களை வளர்த்தார். அதைப் பற்றி அவர் கதைப்பதில்லை. ஊரில் இருந்த காணியைப் பற்றியும், அந்தக் காணியில் குனிந்து நின்ற ஆட்களைப் பற்றியும் எத்தனை மணிநேரமும் கதைப்பார். புதிதாக ஒரு தமிழனைக் கண்டால், "தம்பி எந்த ஊர்?" என்பார். பிறகு, "ஊரில எந்தப் பக்கம்?" அதற்கும் பிடிபடாவிட்டால், "எந்தக் கோயிலடி?" இதற்குள் சாதி வெளியே வந்துவிடும். அதற்குப் பிறகுதான் தேத்தண்ணி.

ஆறு வருஷத்துக்கு முன்னால் நான் ஜதுர்சன் என்பவனை விரும்பினேன். கோயிலடிக் கேள்வியில் அவன் மாட்டுப்பட்டான். அப்பா தம்பியைக் கூப்பிட்டு, "அவன்ர வாயை உடைச்சுப்போட்டு வா" என்றார், கடையில் பால் வாங்கிக்கொண்டு வரச் சொல்லுகிற அதே குரலில். தம்பிக்கு அப்போது இருபது வயது. டோர்செட் பார்க்கில் ஜதுர்சன் இருந்த அப்பார்ட்மெண்டின் நிலக்கீழ் பார்க்கிங்கில் காத்திருந்து, ஹொக்கி மட்டையால் அவன் தாடையை இரண்டாக உடைத்தான். நான் பல் கிளினிக்கில் வேலை செய்கிறவள். உடைந்த தாடையைக் கம்பியால் கட்டினால் ஒரு மனிதன் எப்படிச் சாப்பிடுவான், எப்படி அழுவான் என்பது எனக்குத் தெரியும்.

துஷாந்த் ஜெயிலுக்குப் போனான். யார் சொல்லி அடித்தாய் என்று கோர்ட்டில் திருப்பித் திருப்பிக் கேட்டார்கள். அவன் வாய் திறக்கவில்லை. கோட்டும் டையுமாகப் பின்வரிசையில் இருந்த அப்பாவும் திறக்கவில்லை. வெளியே வந்து, "என்ர பொடியன் குடும்ப மானத்தைக் காப்பாத்தினவன்" என்று சொந்தக்காரருக்குச் சொன்னார். ஜதுர்சன் கல்கரிக்குப் போய்விட்டான் என்று கேள்வி. அன்றைக்கு அப்பாவை நான் வெறுத்தேன். அந்த வெறுப்பு இன்றுவரை குறையவில்லை.

அசாத் அதற்குப் பிறகு வந்தவன். ஆர்மேனியாக்காரன். வெக்ஸ்போர்ட்டில் இடிபட்ட கார்களைத் திருத்துகிற கராஜ் வைத்திருக்கிறான். என் காரின் பின்பக்கத்தை ஒருவன் இடித்து நொறுக்கியபோது அங்கே கொண்டுபோனேன். கார் திருந்தி வந்த பிறகும் நான் போய்க்கொண்டிருந்தேன். ஜெயிலுக்குப் போனவன் என்று தம்பிக்கு ஒருவரும் வேலை கொடுக்காதபோது அசாத்தான் கொடுத்தான். "எதுக்கு உள்ளே போனாய்?" என்று கேட்டான். தம்பி ஒளிக்காமல் சொன்னான். அசாத் கை எண்ணெயைத் துணியில் துடைத்துக்கொண்டு, "என் கராஜில் உடைந்ததை நேராக்குவதுதான் வேலை" என்றான். இவன் என்ன சாமியாரா என்று எனக்குக் கோபம்கூட வந்தது. ஆனால் அன்றைக்குத்தான் இவனைக் கட்டுவது என்று முடிவெடுத்தேன்.

வீட்டில் சொன்னபோது மணிக்கூடு கழலும் என்று எதிர்பார்த்தேன். கழலவில்லை. வெள்ளைக்காரனிடம் எங்கள் ஆட்கள் சாதி கேட்பதில்லை, கேட்காமலே அவனை உச்சியில் தூக்கி வைத்துவிடுவார்கள். அப்பாவின் மச்சாள் யோகராணி மாமிக்கு மட்டும் ஒரு சந்தேகம். "அசாத் எண்டால் சோனக ஆளோ?" என்றாள். முஸ்லிம் இல்லை, சேர்ச்சுக்குப் போகிறவன் என்றதும் அடங்கினாள். ஆனாலும் விசாரிக்காமல் விட்டால் அவர் ஜெயரட்ணம் இல்லையே. கம்ப்யூட்டரில் தேடினார். அசாத் என்பது ஆர்மேனியாவின் பழைய பிரபுக்களுக்குப் பெயர் என்றும், காணியும் குதிரையும் வைத்திருந்த ஆட்கள் என்றும் கண்டுபிடித்தார். அன்று பின்னேரமே தொலைபேசியில் தொடங்கிவிட்டார். "மாப்பிள்ளை ஆர் தெரியுமோ? அங்கத்தைய பிரபு வம்சம். எங்களைப்போல காணிக்கார ஆக்கள்."

இதை நான் கராஜில் சொன்னபோது அசாத் சிரித்த சிரிப்பில் வாயிலிருந்த ரொட்டி வெளியே வந்தது. மதியச் சாப்பாட்டு நேரம், நாங்கள் மூன்று பேரும் ஒரு கார்க் கதவின் மேல் சாப்பாட்டை வைத்துத் தின்றுகொண்டிருந்தோம். அவன் பேசுவது ஆங்கிலம், நான் எங்கள் தமிழில் எழுதுகிறேன்.

"எங்கள் ஊரில் அந்தப் பெயரில் ஒரு ஆறு ஓடுகிறது. டாக்ஸி காலி என்றாலும் அசாத்தான், பஸ்ஸில் இடம் காலி என்றாலும் அசாத்தான். விடுதலை பெற்றவன் என்றும் அர்த்தம். நாடு சோவியத்திலிருந்து விடுபட்ட வருஷம் பிறந்தேன், அதனால் அப்பா அந்தப் பெயரை வைத்தார். அந்த வருஷம் தெருவுக்கு நான்கு அசாத்."

"அப்ப பிரபு?" என்றான் தம்பி.

"அதுவும் உண்டு. அந்தக் காலத்தில் பெரிய பிரபுவுக்குக் கீழே சின்னப் பிரபு. சொந்தக் குதிரை, சொந்த வாள். பெரியவன் கூப்பிட்டால் உடனே போய் அவனுக்காக வெட்ட வேண்டும். அவர்களுக்குத்தான் சுதந்திர மனிதர் என்று பெயர்."

தம்பி சாப்பாட்டை நிறுத்தினான். "கூப்பிட்ட உடனை போய் வெட்டவேணும் எண்டால், உதில என்ன சுதந்திரம்?"

"வரி கிடையாதாம்" என்றான் அசாத். இருவரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். தம்பியின் கண் சிரிக்கவில்லை. அன்று பின்னேரம் முழுக்க அவன் ஒரு கார்ப் பம்பரைச் சுத்தியலால் அடித்துக்கொண்டேயிருந்தான்.

பொன்னுருக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் நடந்தது. தாலிக்குப் பொன் உருக்கும் சடங்கு, முறைப்படி மாப்பிள்ளை வீட்டில்தான் செய்யவேண்டும். அசாத்துக்கு இங்கே ஆட்கள் இல்லையென்று அப்பா எங்கள் வீட்டிலேயே வைத்தார். பெண் பார்க்கக் கூடாது என்பதால் நான் மாடிப்படியில் ஒளிந்திருந்தேன். கீழே நிறைகுடம், குத்துவிளக்கு, வாழைப்பழம், பட்டுச்சேலைகள். வேட்டி கட்டிய அசாத் நடக்கப் பயந்து ஒரே இடத்தில் நின்றான். பொன் உருகியது, எல்லோரும் தொட்டுக் கும்பிட்டார்கள், அப்பாவின் நெஞ்சு நிமிர்ந்திருந்தது. எனக்கும் சந்தோஷம்தான், ஏன் பொய் சொல்ல வேண்டும்.

அப்போதுதான் அசாத் ஒரு பெட்டியைக் கொண்டுவந்தான். மாமனாருக்குத் தன் கையால் செய்த பரிசு என்று சொல்லித் திறந்து, நிறைகுடத்துக்குப் பக்கத்தில் வைத்தான். ஒரு சோடி சப்பாத்து. மண்ணிறத் தோல், அழகான தையல். தம்பி மட்டும்தான் இதை அறிந்திருந்தான், அப்பாவின் பாதத்தின் அளவை இரகசியமாக எடுத்துக் கொடுத்தவன் அவன்தான். எனக்குச் சொல்லியிருந்தால் அசாத்தின் காலில் விழுந்தாவது தடுத்திருப்பேன்.

"என் தாத்தா சொல்லித் தந்த வேலை" என்றான் அசாத், முகமெல்லாம் பெருமையாக. "அவர் சப்பாத்துத் தைக்கிறவர். அவருடைய அப்பாவும் அதுதான். எங்கள் தெருவில் எல்லாரும் அதுதான்."

யோகராணி மாமிதான் முதலில் வாயைத் திறந்தாள்.

"அப்ப, தோல் வேலை செய்யிற ஆக்களோ?"

மற்றவர்களுக்கு அது போதும். ஒருவருக்குத் திடீரென்று தலையிடி, இன்னொருவருக்கு வேலைக்கு நேரமாகிவிட்டது. அம்மா இலையைப் போடப் போட அவர்கள் வாசலில் கழற்றிவிட்ட தங்கள் சப்பாத்துகளைக் காலில் கொழுவினார்கள். எங்கள் ஆட்களிடையே ஒரு வீட்டில் கை நனைக்காமல் போவது என்றால் முகத்தில் துப்பிவிட்டுப் போவதுதான். அப்பா ஊரில் எத்தனையோ வீடுகளில் அதைச் செய்தவர். முதல்தடவையாக அவர் வீட்டில் அது நடந்தது. கடைசிக் கார் திரும்பும்வரை வாசலில் கைகூப்பிக்கொண்டு நின்றார். பிறகு கதவைச் சாத்தினார், மணிக்கூட்டைக் கழற்றினார்.

நான் படியில் இறங்கி ஓடினேன். "அப்பா, அவனுக்கு ஒண்டும் தெரியாது" என்று நடுவில் போய் நின்றேன். அறை விழுந்தது. காது கூவியது, வாயில் இரத்தம் உப்புக் கரித்தது. அசாத் என்னைப் பின்னால் இழுத்துவிட்டு முன்னே வந்தான். அப்பா குனிந்து அந்தச் சப்பாத்தை எடுத்து அதன் குதிக்கட்டையால் அவன் முகத்தில் அடித்தார். புருவம் கிழிந்தது. திரும்பவும் அடித்தார். எங்கள் நாட்டில் சப்பாத்தால் அடிப்பது என்றால் என்னவென்று அவனுக்கு விளங்கியிருக்காது, ஆனால் வலி எல்லா நாட்டிலும் ஒன்றுதான். அவன் கையை ஓங்கவில்லை. கண்ணுக்குள் வழிந்த இரத்தத்தைத் துடைத்துக்கொண்டு, "மாமா, மாமா" என்றான். நான் சொல்லிக்கொடுத்த சொல் அது.

"என்னை மாமா எண்டாதை, சக்கிலி நாயே!" அப்பாவுக்கு மூச்சு வாங்கியது. கை ஓய்ந்துவிட்டது. சுவரோடு நின்ற தம்பியைப் பார்த்தார். "டேய் துஷாந்த்! என்னடா பார்த்துக்கொண்டு நிக்கிறாய்? இவன்ர வாயை உடை!"

தம்பி வந்தான். கூப்பிட்டவுடனே வந்தான். ஜதுர்சனின் தாடை என் கண்முன் வந்தது, நான் கத்திக் குழறினேன். ஆனால் அவன் அசாத்தைத் தாண்டிப் போய் அப்பாவின் வாயில் குத்தினான்.

அப்பா குத்துவிளக்கோடு விழுந்தார். எண்ணெய் கொட்டியது, நிறைகுடம் உருண்டது. அதோடு முடிந்திருந்தால் நான் மனதுக்குள் கைதட்டியிருப்பேன், எனக்கு அவ்வளவு ஆத்திரம். முடியவில்லை. தம்பி அவர் நெஞ்சில் ஏறியிருந்து குத்தினான். பிறகு எழும்பி உதைத்தான். "உடை எண்டனி, உடைக்கிறன். உடை எண்டனி, உடைக்கிறன்" என்று சொல்லிச் சொல்லி உதைத்தான். விலாவில் ஏதோ முறிந்தது எனக்குக் கேட்டது. நானும் அம்மாவும் ஆளுக்கொரு கையைப் பிடித்துத் தொங்கினோம், எங்களை உதறி எறிந்தான். இன்னும் கொஞ்சம் விட்டால் அப்பா செத்துவிடுவார், தம்பி கொலைகாரனாகிவிடுவான். அது எனக்குத் தெளிவாகத் தெரிந்தது, ஆனால் என்னால் ஒன்றும் செய்ய முடியவில்லை.

அசாத் போய் அப்பாவின் மேல் குப்புறப் படுத்தான். அவர் தலையைத் தன் கைகளுக்குள் வைத்து மூடிக்கொண்டான். அடுத்த உதைகள் அவன் முதுகில் விழுந்தன. ஒவ்வொரு உதைக்கும் அவன் முனகினானே தவிர நகரவில்லை. அவனுக்கு அடியிலிருந்து அப்பாவின் குரல் வந்தது. உடைந்த பல்லோடு, இரத்தத்தைக் கொப்பளித்துக்கொண்டு சொன்னார்:

"எழும்படா. என்ர மேல படாதை."

தம்பியின் கால் அந்தரத்தில் நின்றது. அவன் அப்படியே நிலத்தில் இருந்துவிட்டான்.

பக்கத்து வீட்டுக்காரர் அழைத்திருக்கவேண்டும், பொலிஸ் உடனே வந்தது. ஒரு பெண்ணும் ஓர் ஆணும். அறையைப் பார்த்துவிட்டு அந்தப் பெண் அப்பாவுக்குப் பக்கத்தில் முழங்காலில் நின்று, யார் அடித்தது என்று கேட்டாள். அப்பா என்னைப் பார்த்தார், தம்பியைப் பார்த்தார். பெற்ற மகன் அடித்தான் என்று ஊர் பேசினால் ஜெயரட்ணம் முகத்தை எங்கே கொண்டுபோய் வைப்பார்? கையைத் தூக்கி, சட்டையெல்லாம் இரத்தமாக நின்ற அசாத்தைக் காட்டினார்.

"திஸ் மேன்" என்றார்.

"பொய்!" என்று நான் கத்தினேன். "அவன் காப்பாற்றினவன்!" ஆனால் அந்தப் பெண் பொலிஸ் ஏற்கெனவே விலங்கை எடுத்துவிட்டாள். அசாத் கையை நீட்டினான். இன்னும் குடியுரிமை கிடைக்காதவன். ஒரு வழக்கு விழுந்தால் அவனை நாட்டைவிட்டே அனுப்பிவிடுவார்கள், கராஜும் போய்விடும், எங்கள் கலியாணமும் போய்விடும். அப்பாவுக்கு இது எல்லாம் தெரியும்.

தம்பி எழும்பினான். அவன் கைமுட்டிகளில் தோல் உரிந்திருந்தது. அவன் பொலிசைப் பார்க்கவில்லை, அப்பாவைத்தான் பார்த்தான்.

"நான்தான் அடிச்சனான். இந்த முறை ஒருத்தரும் சொல்லி அடிக்கேல்லை."

அதையே ஆங்கிலத்தில் பொலிசுக்குச் சொல்லிவிட்டுக் கைகளை நீட்டினான். "உவனுக்கு விசர் பிடிச்சிட்டுது, உவன் பொய் சொல்லுறான்" என்று அப்பா நிலத்தில் கிடந்தபடி கத்தினார். அம்மா குசினி வாசலில் நின்று, "பொய் இல்லை. என்ர பிள்ளைதான் அடிச்சவன்" என்றாள். சொல்லிவிட்டுத் தலையில் அடித்துக்கொண்டு அழுதாள்.

விலங்கு கை மாறியது. வாசலைத் தாண்டும்போது தம்பி நின்றான். அசாத்தை அவன் அதுவரை பெயர் சொல்லித்தான் கூப்பிடுவான், சில நேரம் டேய் என்பான்.

"அத்தான்" என்றான். "அக்காவைக் கூட்டிக்கொண்டு போங்கோ. இந்த வீட்டில விட்டிட்டுப் போகாதேங்கோ."

அசாத்துக்குத் தமிழ் விளங்கவில்லை. என்ன சொன்னான் என்று என்னைக் கேட்டான். அழுதுகொண்டே நான் அதை ஆங்கிலத்தில் சொன்னேன்.