ஆறு முடி விசிறி

விசிறி விரியவில்லை. ஹனாதி செயற்கை இமைமுடிப் பட்டையிலிருந்து ஆறு முடிகளை ட்வீசரின் நுனியால் மறுபடி கவ்வினாள். பாதி தூக்கி நிறுத்தி, இடமும் வலமுமாக மெல்ல உருட்டினாள். அடி ஒன்றாகச் சேர்ந்திருக்க நுனிகள் மட்டும் பிரிய வேண்டும். போன வாரம் கைக்குப் பழகியிருந்த வேலை இது. இன்று முடிகள் நனைந்த பூனையின் வால் மாதிரி ஒட்டிக்கொண்டு நின்றன. ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம். ஹனாதியும் முதலில் ட்வீசரைக் குறை சொன்னாள், பிறகு பட்டையை, பிறகு இர்பித் நகரத்துக் குளிரை. குறை சொல்ல வேறொன்றும் மிஞ்சாதபோது தன் கட்டைவிரலைப் பார்த்தாள். படுக்கையில் வாடிக்கை யாரும் இல்லாதது நல்லதாகப் போயிற்று.

அப்போதுதான் போன் அடித்தது. புது எண்.

"ஹனாதியா? நான் நிதாலோட உம்மா பேசறேன்."

ஹனாதி எழுந்து நின்றுவிட்டாள்.

"வந்து எங்க லமீஸ் கண்ணுல ஒட்டினதை எடுத்துட்டுப் போ. துக்கம் கேக்க வர்றவங்க ஒருத்தரும் என் மூஞ்சியப் பாக்கறதில்ல, அவ கண்ணத்தான் பாக்கறாங்க. புருஷன் செத்து இத்தாவுல உக்காந்தவளுக்குக் கல்யாணப் பொண்ணு கண்ணு எதுக்கு?"

"வர்றேன் மாமி."

"ஒண்ணு விடாம எடுக்கணும். சொல்லிட்டேன்."

குற்றமுள்ள நெஞ்சு குறுகுறுக்கும் என்பார்கள். துக்க வீட்டுக்கு அவள் இன்னும் போகவில்லை. தெருக்கோடி ரொட்டிக்கடை வழியாகப் போனால் ஐந்து நிமிட நடை. காய்ச்சல் என்று பக்கத்துக் கடைக்காரியிடம் சொல்லி வைத்திருந்தாள். அந்தப் பொய் இனி ஓடாது.

லமீஸ் அவளுடைய பழைய வாடிக்கை. மாதம் ஒருமுறை வந்து, இமைமுடி ஒவ்வொன்றுக்கும் ஒற்றை முடியாக லேசாக ஒட்டிக்கொண்டு போவாள். அதற்கே அவள் கணவன் நிதால், "இனி வீட்டுக்கு வெளக்குமாறு வேண்டாம், நீ படுத்துக் கண்ணைச் சிமிட்டினாப் போதும், தரை சுத்தமாயிடும்" என்று கேலி செய்வானாம். மண்ணெண்ணெய் அடுப்பு பழுது பார்க்கிற ஆள். குளிர்காலத்தில் சாப்பிடக்கூட நேரம் இருக்காது. இந்த முறை தம்பி மகள் கல்யாணம் என்று லமீஸ் வந்தபோது, ஹனாதிதான் அவளை விடவில்லை. எதிர்த்தெருவில் புதிதாகக் கடை போட்டவள் பெட்டியில் வரும் தயார் விசிறிகளை ஒட்டி அனுப்பிக்கொண்டிருந்தாள். கையால் செய்வது எப்படி இருக்கும் என்று ஊருக்குக் காட்ட வேண்டும் என்ற வெறி ஹனாதிக்கு. முன்பெல்லாம் முடிக்கற்றையை இரண்டு விரலுக்கு நடுவே கிள்ளிப் பிடித்து இழுத்து விரிப்பாள். அதில் பத்துக்கு நாலு கோணிக்கொள்ளும். பட்டையிலேயே வைத்து உருட்டி விரிக்கிற முறையை ரஷ்யக்காரி ஒருத்தியின் வீடியோவைப் பார்த்துப் பார்த்து, பஞ்சுப் பொம்மைத் தலை ஒன்றின்மேல் இரண்டு மாதமாகப் பழகியிருந்தாள். உயிருள்ள கண்ணில் செய்வது அன்றைக்குத்தான் முதல் தடவை.

"ரொம்ப நேரம் ஆகுமா?" என்று லமீஸ் கேட்டாள்.

"கண்ண மூடித் தெறக்கறதுக்குள்ள முடிஞ்சிரும்கா" என்றாள் ஹனாதி. இருவரும் சிரித்தார்கள்.

முடியவில்லை. இடது கண்ணுக்கே மதியம் ஆகிவிட்டது. விசிறியை விரித்து, அடியைக் கவ்விய பிடி தளராமல் பசைத் துளியில் தொட்டு, ஒரே ஒரு இமைமுடியில், தோலில் படாமல், அடி சுற்றிக்கொள்ளும்படி வைக்க வேண்டும். படுத்திருப்பவள் சற்று அசைந்தாலும் விசிறி பசையோடு மூடிக் கட்டியாகிவிடும். வலது கண்ணில் பாதி தாண்டியபோது, தகரத் தட்டின் மேலிருந்த லமீஸின் போன் அடித்தது. லமீஸின் இமை துடித்தது. நல்லதாக விரிந்திருந்த ஒரு விசிறி பாழாயிற்று.

"யாரு?"

திரையில் 'அபூ யஸன்' என்றிருந்தது. யஸன் லமீஸின் மகன். அவன் வாப்பா நிதால்தான் கூப்பிட்டான். ரொட்டி வாங்கவா, சோறு இருக்கா என்று எதையாவது கேட்க அவன் கூப்பிடுவது வழக்கம்தான்.

"ஏதோ போன் கம்பெனிக்காரன்கா. அசையாதீங்க."

சத்தத்தை நிறுத்திக் கவிழ்த்து வைத்தாள். அது மறுபடி தகரத்தில் அதிர்ந்தது. ஹனாதி கைத்துண்டு ஒன்றை எடுத்து நாலாக மடித்துப் போனுக்கு அடியில் வைத்தாள். அதற்குப் பிறகு விசிறிகள் ஒன்றுவிடாமல் விரிந்தன. வேலை முடிந்ததும் மூடிய கண்களைப் படம் பிடித்துத் தன் கடையின் இணையப் பக்கத்தில் போட்டாள். இன்றைக்கும் அந்தப் படத்துக்கு யாராவது இதயம் போட்டுக்கொண்டிருக்கிறார்கள். அழிக்கப் போன விரல், அழித்தால் யாராவது ஏன் என்று கேட்பார்களே என்று திரும்பி வந்துவிட்டது.

நிதால் அன்று கடையில் மூச்சு முட்டுகிறதென்று கிளம்பி வீட்டுக்கு வந்திருக்கிறான். போட்டிருந்த கோட்டைக் கழற்றிக் கடை நாற்காலியிலேயே விட்டுவிட்டான். சாவி கோட்டுப் பையில். வீடு பூட்டியிருந்தது. மாடிப்படித் திருப்பத்தில் உட்கார்ந்து மனைவியைக் கூப்பிட்டுக்கொண்டே இருந்திருக்கிறான். ரொட்டி வாங்கிக்கொண்டு ஏறி வந்த மேல்வீட்டுக்காரிதான் பார்த்தாள். லமீஸ் ஓடிப் போயிருந்தால் பிழைத்திருப்பானா என்று டாக்டர் சொல்லவில்லை. யாருக்கும் தெரியாது. தெரியாமல் போனதுதான் ஹனாதியைத் தூங்கவிடவில்லை. பிழைத்திருக்க மாட்டான் என்று யாராவது அடித்துச் சொல்லியிருந்தால் அவள் அழுது தீர்த்திருப்பாள்.

துக்க வீட்டுப் படியில் அந்தத் திருப்பம் வந்தபோது ஹனாதி கைப்பிடியை ஒட்டி, சுவரைப் பார்க்காமல் ஏறினாள்.

உள்ளே கூடம் நிறைய கறுப்பு உடுத்திய பெண்கள். ஒலிப்பெட்டியில் குர்ஆன் ஓதிக்கொண்டிருந்தது. யாரோ சர்க்கரை போடாத காப்பியைச் சின்னக் கோப்பையில் நீட்டினார்கள். போதும் என்று கோப்பையை ஆட்டிக் காட்ட மறந்ததால் மறுபடி ஊற்றினார்கள். அதையும் குடித்தாள். மூலையில் நிதாலின் தாய் புதிதாக வந்த ஒருத்தியிடம் சொல்லிக்கொண்டிருந்தாள். குரலில் அழுகை இல்லை, தேய்ந்துபோயிருந்தது.

"பூட்டின கதவு முன்னாடி உக்காந்து கூப்பிட்டுக்கிட்டே இருந்திருக்கான் என் புள்ள. இவ போன் பைக்குள்ள கெடந்துச்சாம். சத்தமே கேக்கலையாம். கண்ணுக்கு முடி ஒட்டிக்கிட்டு இருந்தா."

பைக்குள்ளா? ஹனாதியின் கையில் கோப்பை சாய்ந்தது. லமீஸ் அவளைக் காட்டிக்கொடுக்கவில்லை. போனில் யார் கூப்பிட்டது என்று வீட்டுக்கு வந்ததும் பார்த்திருப்பாள், கம்பெனிக்காரன் யாரென்று தெரிந்திருக்கும். தெரிந்தும் பைக்குள் இருந்தது என்று சொல்லியிருக்கிறாள். அதற்காக இந்தக் கூடம் முழுக்க அவளை மென்றுகொண்டிருக்கிறது. ஹனாதிக்கு முதலில் வந்தது நிம்மதிதான். அடுத்த மூச்சில் அந்த நிம்மதியை நினைத்துக் கூசினாள்.

படுக்கையறையில் லமீஸ் கட்டிலில் உட்கார்ந்திருந்தாள். முகம் வீங்கி, உதடு வெடித்து, ஆளே பாதியாகியிருந்தாள். கண்கள் மட்டும் அப்படியே இருந்தன. ஒட்டி ஒரு நாளாவது தண்ணீர் படக்கூடாது என்பது இந்தத் தொழிலின் முதல் பாடம். இவள் வீடு போய்ச் சேர்ந்ததிலிருந்து அழுதுகொண்டிருக்கிறாள். ஒரு விசிறிகூட விழவில்லை. என்ன வேலைப்பாடு என்று மனத்தின் ஏதோ ஓர் ஓரம் சொல்லிற்று. அந்த ஓரத்தைக் கிள்ளி எறிய முடிந்திருந்தால் ஹனாதி எறிந்திருப்பாள்.

"படுங்கக்கா."

லமீஸ் படுத்தாள். அதே மாதிரி, கையை வயிற்றின்மேல் வைத்துக்கொண்டு. ஹனாதி கண்ணுக்குக் கீழே காப்புப் பட்டை ஒட்டி, இமையடியில் க்ரீம் தடவினாள். உள்ளே போனால் எரியும், திறக்காதீர்கள் என்றாள். பசை இளகக் கொஞ்ச நேரம் ஆகும்.

"பைக்குள்ள இருந்துச்சுன்னு ஏன்கா சொன்னீங்க?"

ஹனாதி இடது கண்ணில் ஆரம்பித்தாள். க்ரீமில் ஊறிய விசிறிகள் அடி பிரிந்து, உருவமிழந்து, டிஷ்யூத் தாளில் கறுப்புத் தீற்றலாக வந்தன. பாதிக் கண் முடிந்த பிறகுதான் லமீஸ் வாயைத் திறந்தாள்.

"கம்பெனிக்காரன்னு நீ பொய் சொன்னதை அவங்ககிட்ட சொன்னா, நீ ஏன் நம்பினேன்னு என்னைக் கேப்பாங்க."

"அக்கா..."

"நான் நம்பலயே ஹனாதி. எந்தக் கம்பெனிக்காரன் அத்தனை தடவ கூப்பிடுவான்? தகரத்துல அதிர்ந்தது கேட்டுச்சு. அப்புறம் நீ எதையோ அடியில வெச்சே, அதுல அதிர்ந்ததும் கேட்டுச்சு. இவருக்கு இதே பொழப்பு, ரொட்டி வாங்கவான்னு கேப்பாருன்னு படுத்துக் கெடந்தேன். பாதிக் கண்ணோட எந்திரிச்சுப் போனா அதுக்கும் சிரிப்பாரேன்னு நெனச்சேன்."

மூடிய இமைக்குள்ளிருந்து நீர் வழிந்து க்ரீமை நோக்கி வந்தது. ஹனாதி பஞ்சால் ஒற்றினாள். ஒற்ற ஒற்ற வந்துகொண்டே இருந்தது. நீங்கள் என்ன செய்வீர்கள், கண்ணைக் கட்டிப்போட்டது நான் என்று சொல்ல வாயெடுத்தாள். இந்த வீட்டில் ஆறுதல் சொல்லும் தகுதி தனக்கு மட்டும் கிடையாது என்று அவளுக்குத் தோன்றியது.

இடது கண் சுத்தமாயிற்று. வெறும் இமையில் சொந்த முடிகள் குட்டையாக, ஈரமாகத் தெரிந்தன. வலது கண்ணிலும் பெரும்பாலும் வந்துவிட்டது. கடைக்கண் ஓரத்தில் ஒன்றே ஒன்று நின்றது. அங்கே நீர் தேங்கியிருந்ததால் க்ரீம் வைக்கப் பயந்து, இரண்டு ட்வீசர்களால் அடியைப் பிளந்து அப்படியே உரித்தாள். விசிறி விரிந்தபடியே முழுசாக வந்தது.

கதவு திறந்தது. நிதாலின் தாய் உள்ளே வந்து கதவைச் சாத்திக்கொண்டாள்.

"முடிஞ்சுதா?"

"முடிஞ்சுது மாமி."

கிழவி மருமகளின் முகத்தைக் குனிந்து பார்த்தாள். இமைகளை ஒவ்வொன்றாகப் பார்த்தாள். பிறகு ஹனாதியிடம் திரும்பினாள்.

"நீ அங்கேயேதானே இருந்தே? பைக்குள்ளதான் கெடந்துச்சா? உனக்குமா கேக்கல?"

பொய் தயாராக அவள் முன்னால் இருந்தது. ஆமாம் என்றால் போதும். படியிறங்கி, ரொட்டிக்கடை தாண்டி, தன் கடைக்குப் போய்விடலாம். லமீஸின் கண்கள் மூடியே இருந்தன. அவள் விரல்கள் போர்வையைப் பற்றியிருந்தன.

"பைக்குள்ள இல்ல மாமி. என் பக்கத்துல இருந்துச்சு. பேரப் பாத்தேன். அக்கா யாருன்னு கேட்டாங்க, கம்பெனிக்காரன்னு நான்தான் பொய் சொன்னேன். துண்ட மடிச்சு அடியில வெச்சுட்டேன். அதுக்கப்புறம் அது அடிச்சதே அக்காவுக்குக் கேட்டிருக்காது."

கடைசி வரியைச் சொல்லும்போது மட்டும் அவள் குரல் நடுங்கவில்லை. கட்டிலில் லமீஸின் கை போர்வையை விட்டது.

கிழவி அடிப்பாள் என்று ஹனாதி எதிர்பார்த்தாள். அடித்தால் நன்றாயிருக்கும் என்றுகூட நினைத்தாள். கிழவி அடிக்கவில்லை. ஏதோ கணக்குப் புரியாதவள்போல நின்றாள்.

"எதுக்கு?"

"அசைஞ்சா விசிறி மூடிக்கும் மாமி."

"என்ன விசிறி?"

ஹனாதியின் ட்வீசர் நுனியில் அது இன்னும் இருந்தது. நீட்டினாள். கிழவி அதைத் தன் ஆட்காட்டிவிரலின் மேல் வாங்கிக்கொண்டாள். கண் சரியாகத் தெரியாததால் ஜன்னலருகே போய்த் திரையை விலக்கி, வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தாள். வெளியே காஸ் சிலிண்டர் வண்டி பாட்டுப் போட்டுக்கொண்டு போயிற்று. ஆறு முடிகள், ஒரு கொசுவின் கால் அளவு, அடியில் கடுகளவும் இல்லாத பசை.

"இதுவா?" என்றாள்.

அவள் கட்டைவிரலை அதன்மேல் வைத்து, மூடிவிட வேண்டும் என்பதுபோல நகம் வெளுக்க அழுத்தினாள். எடுத்துப் பார்த்தாள். அது மறுபடி விரிந்து நின்றது. மறுபடியும் அழுத்தினாள்.