ஹீட்டருக்கு எட்டாத நாற்காலி

1

இந்தக் கதை எனக்குத் திட்டு வாங்கியதில் கிடைத்தது. ஊட்டியில் ஓர் அரசு அலுவலகத்துக்குச் சான்றிதழ் ஒன்று கேட்டுப் போயிருந்தேன். (எந்த அலுவலகம் என்று சொல்ல மாட்டேன். சான்றிதழ் இன்னும் கைக்கு வரவில்லை.) கதவைத் திறந்து உள்ளே நுழைந்த வேகத்தில், ஸ்வெட்டர், மப்ளர், அதற்கு மேல் ஒரு சால்வை என மூட்டையாக உட்கார்ந்திருந்த அம்மாள் ஒருவர் கத்தினார்.

"ஏனுங்க, கதவைச் சாத்திட்டு வாங்க! நீங்க வேலை முடிஞ்சாப் போயிருவீங்க, நாந்தானே இங்கயே உக்காந்திருக்கோணும்!"

பயந்துபோய்ச் சாத்தினேன். ஊட்டிக்குப் புதுசா என்று கேட்டேன்.

"ஊட்டிக்கு இல்லீங்க, இந்த டிபார்ட்மெண்டுக்குத்தான் புதுசு. சர்வீஸ் இருபத்தெட்டு வருசம்."

சான்றிதழை மறந்தேன், கதையைப் பிடித்துக்கொண்டேன்.

2

தொடக்கம் எழுதிப் பார்த்தேன்.

'நீலமலையின் மடியில் பனி மெல்ல...' சே! அடித்தாயிற்று.

'அரசு ஊழியரின் பணிமூப்பு என்பது...' இதை நாலு பேர் படிப்பார்கள். அதில் மூன்று பேர் வக்கீல்.

'சுகந்திக்குக் குளிர்ந்தது.' இது போதும். கத்திய அம்மாளின் பெயர் சுகந்தி, உண்மையும் அதுதான்.

அந்த அலுவலகத்தில் ஹீட்டர் ஒன்றே ஒன்று. அதைச் செருகும் ப்ளக் இருப்பது சூப்பிரண்டு மேசைக்குப் பின்னால். அங்கிருந்து கதவுவரை சீனியாரிட்டிப்படி நாற்காலிகள். யார் யாருக்கு மேலே என்று தெரிந்துகொள்ள ஃபைலைப் புரட்ட வேண்டியதில்லை. யார் ஸ்வெட்டரைக் கழற்றிவிட்டு உட்கார்ந்திருக்கிறார் என்று பார்த்தால் போதும்.

சுகந்தி முன்பு கூடலூரில் வேறொரு துறையில் இருந்தவர். அவர் பிரிவை மூடினார்கள். கோயம்புத்தூருக்குப் போகச் சொன்னார்கள். மலையில் பிறந்தவர்கள் மட்டுமே செய்யக்கூடிய தப்பை அவர் செய்தார். "கீழ வெயில்ல என்னால முடியாதுங்க சார், ஊட்டியில எந்த டிபார்ட்மெண்டுன்னாலும் பரவால்லீங்க" என்று கெஞ்சினார். கொடுத்துவிட்டார்கள்.

[அடிக்குறிப்பு மாதிரி ஒன்று: சர்க்கார் தானாகத் தூக்கிப் போட்டால் பழைய சர்வீஸும் கூடவே வரும். நாமாகக் கேட்டுப் போனால் புதுத் துறையில் கடைசி ஆள். வாயைத் திறந்ததுதான் வினை.]

குளிருக்காகக் கேட்டு வாங்கிய மாறுதல். ஆசைப்பட்ட குளிரிலேயே உட்கார வைத்துவிட்டார்கள்.

"இருந்த செக்சனையே மூடிப்போட்டு, நீயாத்தான் வந்தேன்னா என்னங்க நியாயம்?" என்று மேலே மனுப் போட்டிருக்கிறார். மேலே இருப்பவர்கள் இன்னும் அதைப் படித்துக்கொண்டிருக்கிறார்கள் போலிருக்கிறது.

3

சூப்பிரண்டு ஒச்சப்பன் ஓய்வு பெறுகிறார். அந்த நாற்காலி சுகந்திக்கு வேண்டும். அடுத்த வருடம் அவருக்கே ஓய்வு. இது போனால் அசிஸ்டென்டாகவே வீட்டுக்குப் போக வேண்டியதுதான். ஆனால் இந்தத் துறையின் வரிசையில் அடுத்த பெயர் ராஜப்ரியா. சுகந்தி வேலைக்குச் சேர்ந்தபோது ராஜப்ரியா பள்ளிக்கூடத்துக்கு டிபன் பாக்ஸ் தூக்கிக்கொண்டிருந்தாள்.

ஆஹா, வில்லி கிடைத்துவிட்டாள் என்று ஒரு பக்கம் முழுக்க அவளைத் திமிராக நடக்க விட்டேன். டீக்கடையில் வைத்து சுகந்தியிடம் படித்துக் காட்டினேன்.

"இதென்னங்க கூத்து? அந்தப் புள்ள பரீச்சை எழுதி வந்தவ. தெனமும் அவதான் எனக்கு பிளாஸ்க்குல சுடுதண்ணி கொண்டாந்து வெக்கறா. கிழிங்க அதை!"

கிழித்தேன். மறுவாரம் ராஜப்ரியாவைத் தியாகியாக்கி, பதவியை விட்டுக்கொடுக்க வைத்தேன். எழுதி முடித்து நானே இரண்டு முறை படித்துப் பார்த்தேன். சுகந்திக்கு முன்னதைவிடக் கோபம்.

"அவ எதுக்குங்க உட்டுக்குடுக்கோணும்? நான் கேக்கறது என்ரத. பிச்சை கேக்கலீங்க."

எழுத்தாளனை மதிக்கிற பாத்திரத்தை இனி குன்னூரில்தான் தேட வேண்டும்.

4

வழியனுப்பு விழா. குரூப் போட்டோவில் ஓய்வு பெறுகிறவருக்கு வலப்பக்க நாற்காலி அடுத்த சூப்பிரண்டுக்கு. இதை யாரும் சொல்வதில்லை, எல்லோருக்கும் தெரியும். ராஜப்ரியா கூச்சத்தில் மாலையும் கையுமாகத் தள்ளி நின்றாள். போட்டோக்காரர் கணேசனுக்கு இந்த வில்லங்கம் எதுவும் தெரியாது. நரைத்த தலையைப் பார்த்தார், கூப்பிட்டார்.

"அம்மா, அடுத்த சூப்பிரண்டு நீங்கதானுங்களே? வாங்க, சார் பக்கத்துல உக்காருங்க."

சுகந்தியின் கண்களில்... (இல்லை, கண்ணில் ஒன்றும் இல்லை. அது என் கைப்பழக்கம்.) சுகந்தி எழுந்து வந்தார். ஹீட்டர் எரிந்துகொண்டிருந்தது. சால்வையை எடுத்தார், மப்ளரை அவிழ்த்தார், ஸ்வெட்டரைக் கழற்றி மடித்து மேசையில் வைத்தார். உட்கார்ந்தார்.

"போட்டோவுக்குத்தானே, உட்காரட்டும்" என்றார் ஒச்சப்பன், பொதுவாக.

"போட்டோவுக்கு இல்லீங்க சார்" என்றார் சுகந்தி.

ராஜப்ரியா போய் சுகந்தியின் நாற்காலிக்குப் பின்னால் நின்றுகொண்டாள். கணேசன் அழுத்திவிட்டார்.

5

அடுத்த திங்கட்கிழமை ராஜப்ரியா சூப்பிரண்டு ஆனாள். சுகந்தி கதவோரத்துக்குத் திரும்பினார். மனு இன்னும் மேலே எங்கோ இருக்கிறது.

மனு ஜெயிப்பதாக ஒரு முடிவு எழுதினேன், பொய்யாக இருந்தது. தோற்பதாக எழுதினேன், அதையும் கிழித்தேன். ஓய்வு பெறும் நாளன்று ஆர்டர் வருவதாக...

வேண்டாம். எந்த முடிவு வைக்கட்டும் என்று சுகந்தியிடமே கேட்டேன்.

"நீங்க எழுதிட்டா ஆர்டர் வந்துருமுங்களா?"

வராது. அதனால் முடிவை உங்களிடம் விடுகிறேன். ஏதாவது சான்றிதழுக்காக அங்கே போவீர்கள். ஹீட்டருக்கு மேலே அந்தப் போட்டோ மாட்டியிருக்கிறது. ஸ்வெட்டர் இல்லாமல் சூப்பிரண்டு பக்கத்தில் ஓர் அம்மாள். கதவோரத்தில் அதே அம்மாள், மூட்டையாக. இரண்டு பேரையும் பாருங்கள், எது சரியான இடம் என்று நீங்களே சொல்லுங்கள்.

அதற்கு முன்னால், கதவைச் சாத்துங்கள்.