கோபுரம் இல்லாத சர்ச்

“சர்ச்சு எங்கம்மா கீது?” சர்ச் வாசலிலேயே ஆட்டோவை நிறுத்திவிட்டுக் கேட்டார் டிரைவர். அடையாறில் எங்கள் சபைக்கு இது புதிதல்ல. கோபுரம் கிடையாது, மணிக்கூண்டு கிடையாது. பூச்சில்லாத காங்கிரீட், மடித்த விசிறி போல ஏறி இறங்கும் கூரை, அவ்வளவுதான். என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த சம்பந்தி அய்யாதுரைக்கு அந்தக் கேள்வி வெல்லமாக இனித்தது.

“பாத்தீங்களா சம்பந்தியம்மா, ஆட்டோக்காரருக்கே தெரியல. என் ஒரே பையன் கல்யாணம். போட்டோவுல குடோன் மாதிரியா தெரியணும்?”

எனக்குச் சுருக்கென்றது. கல்யாணம் எங்கள் சர்ச்சில்தான் என்று நிச்சயதார்த்தத்தில் தலையாட்டிய மனிதர் இவர். இப்போது வடபழனியில் அவர்களுடைய சர்ச் கோபுரத்துக்குக் கீழேதான் நடத்த வேண்டும் என்கிறார். கல்யாண அறிவிப்பை நாங்கள் ஓலை என்போம். முதல் ஓலை வாசிக்கும் இந்த ஞாயிறு ஆராதனைக்கு வந்து பார்த்துவிட்டு முடிவு சொல்வதாகப் பேச்சு. அதுவரை பத்திரிகை அச்சுக்குப் போகாமல் நின்றது. என் மகள் ஜெனிட்டாவும் மாப்பிள்ளை அஸ்வினும் எங்கே என்றாலும் சரி என்று ஒதுங்கிக்கொண்டார்கள். எனக்குச் சரியில்லை.

அறுபதுகளில் இந்தக் கூரையை ஒரே மூச்சில் வார்க்க வேண்டியிருந்தது. நடுவில் நிறுத்தினால் விரிசல் விடும். ஆட்கள் போதாமல் சபையே வரிசையில் நின்று காங்கிரீட் சட்டியைக் கைமாற்றியது. என் அம்மா என்னை வயிற்றில் சுமந்துகொண்டு அந்த வரிசையில் நின்றவள். உள்ளே ஒரு தூண் கிடையாது. எந்த பெஞ்சிலிருந்து பார்த்தாலும் பீடம் தெரியும். இரு பக்கமும் ஓட்டை வைத்த சிமெண்ட் ஜாலி, கடல்காற்று தாராளமாக வரும். பீடத்தின் பின்சுவர் முன்பக்கம் சாய்ந்திருப்பது கொத்தனார் பிழை இல்லை, பேசுகிறவர் குரலைக் கடைசி பெஞ்சுவரை தள்ளுவதற்குத்தான். கட்டியவர்கள் மைக்கை நம்பவில்லை. பின்னால் வந்த நாங்கள்தான் நாலு மூலையிலும் ஸ்பீக்கரை மாட்டி எல்லாவற்றையும் இரைச்சலாக்கி வைத்திருக்கிறோம்.

இவ்வளவையும் அய்யாதுரையிடம் சொல்லிப் பார்த்தேன். அவர் கண்டுகொள்ளவில்லை. அவருக்குக் காது கொஞ்சம் மந்தம் வேறு, அதை ஒப்புக்கொள்ளவே மாட்டார். சீக்கிரம் கிளம்ப வசதியாகக் கதவோரம் கடைசி பெஞ்சில் போய் உட்கார்ந்துகொண்டார்.

இரண்டாம் பாட்டு முடிந்ததும் கரண்ட் போனது. சித்திரை வெயில். ஃபேன்கள் நின்றன, மைக்கும் ஊமையானது. சர்ச் பணியாளர் புகழேந்தி ஜெனரேட்டரைப் போட எழுந்தார். நான் கையைக் காட்டி உட்காரச் சொன்னேன்.

“அம்மா, என்ன பண்றே? மாமாவுக்கு வேர்த்துச்சுன்னா அவ்வளவுதான். வடபழனிதான்,” என்றாள் ஜெனிட்டா.

“ஓலை வாசிச்சு முடியட்டும்,” என்றேன்.

போதகர் மைக்கை ஒதுக்கிவிட்டு ஓலையை எடுத்தார். எப்போதும் பேசுகிற குரல்தான்.

“வடபழனி சபையைச் சேர்ந்த அய்யாதுரை மகன் அஸ்வினுக்கும், இந்தச் சபையைச் சேர்ந்த சந்திரிகா மகள் ஜெனிட்டாவுக்கும்…”

ஒவ்வொரு சொல்லும் தனித்தனியாகக் கேட்டது. திரும்பிப் பார்த்தேன். ஜாலி வழியாக வந்த காற்றில் அய்யாதுரையின் காலர் படபடத்தது. முகம் துடைக்க எடுத்த கைக்குட்டை மடிப்புக் கலையாமல் கையிலேயே இருந்தது.

“இந்த விவாகத்துக்குத் தடை எதுவும் அறிந்தவர்கள் இப்போது சொல்லலாம்.”

இந்த இடத்தில் எங்கள் சபையில் யாரும் இருமக்கூட மாட்டார்கள். கடைசி பெஞ்ச் கிறீச்சிட்டது. அய்யாதுரை எழுந்து நின்றார். ஜெனிட்டா என் கையை இறுகப் பிடித்தாள்.

“கல்யாணத்துக்குத் தடை இல்லங்கய்யா,” என்றார் அவர். “எங்க சர்ச்சுல முதல் பெஞ்சுல, ஸ்பீக்கர் கீழ உக்காந்தும் எனக்குப் பாதிதான் விளங்கும். இங்க கடைசியில உக்காந்து என் பையன் பேர முழுசா கேட்டேன். கல்யாணத்தன்னைக்கு மைக்க மட்டும் போட்டுராதீங்க. போட்டா, அதுக்குத்தான் என் தடை.”

சபை மொத்தமும் சிரித்தது. எனக்குப் பெருமை தாங்கவில்லை. அண்ணாந்து கூரையைப் பார்த்தேன். அம்மா கைபட்ட காங்கிரீட் அதில் எங்கேயோ இருக்கிறது.

வெளியே வந்ததும் அய்யாதுரை தொண்டையைச் செருமினார்.

“பத்திரிகையில இந்த சர்ச் பேரையே போட்டுரலாமா சம்பந்தியம்மா?”

“குடோன்னு போடாம இருந்தா சரி,” என்றேன்.