அணையாத நீர்க்குறி

வளன் வள்ளத்தில் உட்கார்ந்து கட்டங்காப்பி குடித்துக்கொண்டிருந்தான். அவனுடைய நீர்க்குறியோ இன்னும் கடல்மேல் நின்றுகொண்டிருந்தது. இரண்டில் எதை நம்புவது என்று ரெக்ஸுக்குத் தெரியவில்லை.

இந்தக் கரையில் கடலுக்கடியில் யார் இறங்கினாலும் அவருக்குரிய குறி ஒன்று நேர்மேலே, தண்ணீரிலிருந்து ஒரு முழ உயரத்தில், நீல வெளிச்சமாய் எழுந்து மிதக்கும். ஆள் ஏறி வந்ததும் அணைந்துவிடும். ஒருவர் குறி மாதிரி இன்னொருவருக்கு இருக்காது. வளனுடையது முதுகோடு முதுகு ஒட்டிய இரண்டு தூண்டில் முள்ளும் நடுவில் ஒரு பொட்டும். இதை யார் வரைகிறார்கள் என்று ஆராய்ச்சிக்காரர்கள் வந்து பார்த்தார்கள். கேமராவில் விழவில்லை என்றதும் கோபித்துக்கொண்டு போய்விட்டார்கள். சங்கு குளிக்கிறவர்களுக்கு அந்தக் கவலையெல்லாம் கிடையாது. குறி நின்றால் ஆள் கீழே, அணைந்தால் மேலே என்பதுதான் அவர்கள் கணக்கு.

அந்தக் கணக்கு இன்று குழம்பிப்போயிற்று.

சற்று முன்பு கம்ப்ரஸரின் பெல்ட் அறுந்து, கீழே போகும் ஓஸில் காற்று நின்றுவிட்டது. குளிக்கிறவன் இடுப்புக் கயிற்றை அவன் மச்சினன்தான் பிடிக்கவேண்டும் என்பது இங்கே வழக்கம். கூடப்பிறந்தவளின் தாலி அந்தக் கயிற்றில் தொங்கும்போது எவன் கண் அசருவான்? ரெக்ஸ் தன் தங்கை ஸ்டெபியை நினைத்துக்கொண்டு, பத்துப் பாகம், அறுபதடி ஆழத்திலிருந்து வளனை ஒரே மூச்சில் இழுத்துப் போட்டான். அதில் அவனுக்குக் கொஞ்சம் பெருமையும் இருந்தது. உள்ளங்கை எரிந்தது, ஆனாலும் பெருமைதான்.

வள்ளத்துக்காரர் அற்புதமணி புது பெல்ட்டை மாட்டிவிட்டுக் கையைத் துடைத்தார். "மேக்கேருந்து கச்சான் காத்து ஏறுது. கெளம்புவோம்ல."

"அண்ணாச்சி, குறி அங்கன நிக்கி."

அவரும் பார்த்தார். சட்டென்று சிலுவை போட்டுக்கொண்டார். "ஆளு இங்கன இருக்கான்லா? பொறவு எப்படிடே?"

"அதத்தான் நானும் கேக்கேன்."

வளனுக்குச் சிரிப்பு. "நாந்தான் வந்துட்டனே. அதுக்கு வர மனசில்ல போல. விடுங்க."

இன்றைக்கு இந்த வள்ளத்திலிருந்து இறங்கியது வளன் ஒருவன்தான். அப்படியானால் கீழே இருப்பது யார்? அவன் கீழேதான் இருக்கிறான் என்றால், இங்கே காப்பி குடிக்கிறவன் யார்? எதை இழுத்து மேலே போட்டிருக்கிறோம்? ரெக்ஸ் மெதுவாக வளன் பக்கத்தில் போய் உட்கார்ந்தான்.

"மாப்ள, காலையில ஸ்டெபி என்ன ஆக்கிக் குடுத்தா?"

"ஒன் தங்கச்சி என்னைக்கி காலையில எந்திரிச்சிருக்கா? நேத்து வச்ச பழையதத்தான் தின்னேன்."

இது வளன்தான், சந்தேகமே இல்லை. ரெக்ஸின் குழப்பம் இன்னும் கூடிப்போயிற்று.

அப்போது காப்பித் தம்ளர் வளன் கையிலிருந்து நழுவி உருண்டது. சூடான காப்பி அவன் தொடையில் கொட்டியது. அவன் துள்ளவில்லை. தன் காலையே யாருடைய காலோ என்பதுபோலப் பார்த்தான்.

"மச்சான்... சுடவே இல்லல. காலு ரெண்டும் எங்கிட்ட இல்ல."

ரெக்ஸுக்குப் பளிச்சென்று விளங்கியது. ஆழத்திலிருந்து நின்று நின்று வரவேண்டியவனை அவன்தான் ஒரேயடியாக இழுத்துவிட்டான். உடம்பு வந்துவிட்டது, ஆள் முழுசாக வரவில்லை. குறி பொய் சொல்லவில்லை. அவன் பெருமையெல்லாம் அந்த இடத்திலேயே செத்தது. கரைக்குப் போக இரண்டு மணி நேரம் ஆகும். துறைமுகத்துக் கிரேன்கள்கூடக் கண்ணுக்குத் தெரியவில்லை.

"அண்ணாச்சி, மாப்ளய திரும்ப எறக்கணும். குறி நிக்க எடத்துக்கே. அங்கேருந்து மெதுவா கொண்டாரணும்."

"அவனுக்குக் காலு இல்லையேல. யாரு கூடப் போவா?"

ரெக்ஸ் கம்ப்ரஸரிலிருந்த இரண்டாவது ஓஸை எடுத்தான். இத்தனை வருஷம் கயிறு பிடித்தவன், ஒருநாளும் கீழே இறங்கியதில்லை. பயம்தான் காரணம். அந்தப் பயம் இப்போதும் போகவில்லை. தன் இடுப்பிலும் ஒரு கயிற்றைக் கட்டி, இரண்டு கயிற்றையும் அற்புதமணி கையில் கொடுத்துவிட்டு, மாதாவைக் கூப்பிட்டபடியே வளனைக் கட்டிக்கொண்டு குதித்தான்.

கீழே பச்சை இருட்டு. காது பிய்ந்துவிடும்போல வலித்தது. தரை தட்டும்வரை இறங்கி, அங்கே ரொம்ப நேரம் இருந்தார்கள். பிறகு ஒரு பாகம் ஏறி நின்றார்கள், மறுபடி ஒரு பாகம். பாதித் தூரம் வந்தபோது வளனின் வலது கால் ஒரு உதை உதைத்தது. பிறகு இடதும். கட்டைவிரலை உயர்த்திக் காட்டினான்.

ரெக்ஸுக்கு வந்த சந்தோஷத்தில் எல்லாம் மறந்துவிட்டது. வளனைக் கயிற்றில் விட்டுவிட்டு, ஒரே பாய்ச்சலாக மேலே வந்து தலையை நீட்டினான்.

"காலு ஆடுது அண்ணாச்சி! ரெண்டும் ஆடுது!"

வள்ளத்தில் ஏறி விழுந்து அழுதான், சிரித்தான். ரொம்ப நேரம் கழித்து வளன் நிதானமாக ஏறி வந்தான், தன் காலாலேயே. தூண்டில் முள் இரண்டும் மங்கி அணைந்தன. ரெக்ஸ் கும்பிட்டான். பிறகுதான் பார்த்தான், அது அணைந்த இடத்துக்குப் பக்கத்தில் இன்னொரு குறி நின்றது. வால் முளைத்த ஒரு வளையம். அப்படியொன்றை அவன் இதுவரை பார்த்ததே இல்லை.

"இது யாருது?" என்றான். "இன்னும் எவம்ல கீழ கெடக்கான்?"

அற்புதமணி குறியையும் அவனையும் மாறி மாறிப் பார்த்தார். ரெக்ஸ் கண்ணைத் துடைக்கக் கையைத் தூக்கினான். விரல் கன்னத்தில் பட்டது தெரியவில்லை.

வளன் அவர் கையிலிருந்த கயிற்றை வாங்கி, ரெக்ஸின் இடுப்பு முடிச்சை இழுத்துப் பார்த்தான். "ஒன்னோடதுதாம்ல. எறங்கு மச்சான், இந்தத் தரம் அவசரப்படாத. கயித்த நான் புடிச்சிருக்கேன். ஒன் தங்கச்சிக்கு நான்தான பதில் சொல்லணும்."