ஆற்றோர லயத்துப் பால்

கூட்டுறவு அதிகாரி அனுப்பிய தீர்ப்புக் கடிதத்தைப் படித்ததும் எனக்குக் கோபம் உச்சந்தலைக்கு ஏறியது. ஆற்றோர லயத்துப் பன்னிரண்டு வீட்டுப் பாலும் இனிக் கீழ்க்கணக்குப் பால் சங்கத்துக்காம். விசாரணைக்கு மேற்கணக்குச் சங்கம் வரவில்லையாம். அந்தச் சங்கத்தின் செயலாளர் கோகிலா, அதாவது நான்தான். அழைப்பே வராத விசாரணைக்குக் கனவு கண்டா போவேன்?

எங்கள் தேயிலைத் தோட்டத்தில் இரண்டு பிரிவுகள், மேற்கணக்கும் கீழ்க்கணக்கும். ஆளுக்கொரு பால் சங்கம். ஆற்றோர லயம் என்ற வரிசை வீடுகள் இருப்பது கீழ்க்கணக்கில். ஆனால் லயத்துப் பக்கத்தில் மாடு கட்டக் கூடாது என்று தோட்டத்துத் துரை சொல்லிவிட்டதால், அவர்களுடைய கொட்டில்கள் ஆற்றைத் தாண்டி எங்கள் எல்லையில் இருந்தன. ஆள் அவர்கள் பக்கம், மாடு எங்கள் பக்கம். அந்தப் பால் போனால், அளவு போதாமல் பால் வண்டி மேலே ஏறாது. சங்கத்தை இழுத்து மூடிவிட்டு, எங்கள் பெண்கள் கேனைத் தூக்கிக்கொண்டு மூன்று மைல் இறங்க வேண்டியதுதான்.

கடிதம் கொண்டுவரும் தப்பால்காரரைப் பிடித்தேன்.

"ஒங்க வெசாரண கடுதாசிய கன்னையா அண்ணன்கிட்டதான் குடுத்தேன் தங்கச்சி. மேல போறேன்னு சொன்னாரு. எனக்கும் கால் வலி பாருங்க" என்றார்.

கன்னையா கீழ்க்கணக்குச் சங்கத் தலைவர். நல்ல ஆளாகப் பார்த்துத்தான் கொடுத்திருக்கிறார்!

அன்றைக்கே பஸ் ஏறிப் போய் அதிகாரியின் முன்னால் நின்றேன்.

"எங்க பக்கம் ஒரு வார்த்த கேக்காமலே தீர்ப்புச் சொல்லலாங்களா சேர்?"

நடந்ததைக் கேட்டவர், தீர்ப்பை நிறுத்திவைத்தார். ஞாயிற்றுக்கிழமை தோட்டத்துக்கே வந்து மறுபடி விசாரிப்பதாகச் சொன்னார்.

விசாரணை பிள்ளைக் காம்பராவில் நடந்தது. பகலில் கொழுந்து பறிக்கப் போகும் தாய்மார் குழந்தைகளை விட்டுப் போகும் இடம். அங்கே இருந்ததெல்லாம் குட்டி பெஞ்சுகள். கன்னையா உட்கார்ந்தபோது முழங்கால் தாடையைத் தொட்டது. எனக்குப் பாதிக் கோபம் அதிலேயே தீர்ந்தது.

"ஒருத்தர் பேசுறப்ப மத்தவங்க பேசக் கூடாது. ஹரித?" என்று சிங்களம் கலந்து சரியா எனக் கேட்டார் அதிகாரி.

கன்னையா எழுந்தார். "அந்த லயத்துக்காரங்க பொறந்தது வளந்தது எல்லாம் எங்க கணக்குலங்க சேர்..."

"மாடு எங்க கணக்குல புல்லு திங்கிதே, அது தெரியலயா?" என்று நான் துள்ளினேன்.

"நோனா, வாடிவென்ன" என்று உட்காரச் சொன்னார் அதிகாரி.

உட்கார்ந்தேன். மூன்று தரம் எழுந்தேன், மூன்று தரமும் உட்கார வைத்தார். நியாயமான விசாரணை கேட்டு வாங்கியவள் நான். வாயை மூடிக் கேட்க முடியாதவளும் நானே.

என் முறை வந்தது. "அந்த மாடுகளோட அந்திப் பால் எங்களுக்குத்தாங்க வருது. காலப் பால் கன்னுக்குட்டிக்கு."

கன்னையா வாயைப் பிளந்தார். "என்னம்மா சொல்ற? காலப் பால் எங்களுக்குல்ல வருது! அந்திப் பால்தான் கன்னுக்குட்டிக்கு."

அதிகாரி பேனாவைக் கீழே வைத்தார். "அப்ப கன்னுக்குட்டி என்ன குடிச்சிச்சி?"

கதவருகில் நின்ற ஆற்றோர லயத்துக் கருப்பாயி அக்கா தொண்டையைச் செருமினாள்.

"மிச்சத்தைக் குடிச்சிச்சிங்க. காலையில வேலைக்கிப் போற வழியில கீழ ஊத்துறோம். அந்தியில புல்லு அறுத்துட்டு வர்ற வழியில மேல ஊத்துறோம். பன்னெண்டு வீடும் அப்பிடித்தான்."

இரண்டு சங்கத்துப் புத்தகங்களையும் திறந்தார்கள். பன்னிரண்டு வீட்டு ஆண்களின் பெயர்களும் இரண்டிலும் இருந்தன.

"ஒரு ஆள் ரெண்டு பால் சங்கத்துல இருக்க ஏலாது" என்றார் அதிகாரி.

போச்சு, சங்கம் போச்சு.

"ஒரு ஆள்தானுங்களே இருக்கக் கூடாது?" என்றாள் கருப்பாயி அக்கா. "மாட்டப் பாக்குறது பூரா நாங்க, பேரு மட்டும் ஆம்பளைக்கி. காலப் பால் அவரு பேர்ல கீழ போகட்டும். அந்திப் பால் எம்பேர்ல மேல போகட்டும்."

அதிகாரி சட்டப் புத்தகத்தை முன்னும் பின்னும் புரட்டினார். பிறகு வாய்விட்டுச் சிரித்துக்கொண்டே அப்படியே தீர்ப்பை எழுதினார். வண்டி எங்களுக்கும் ஏறும், அவர்களுக்கும் போகும். கன்னையா சட்டைப் பையிலிருந்து எனக்கு வரவேண்டிய பழைய அழைப்புக் கடிதத்தை எடுத்து, என் முகத்தைப் பார்க்காமல் நீட்டினார். நான்காக மடித்து வைத்திருந்தார் மனுஷன்.

அன்று அந்தி, கருப்பாயி அக்கா பால் ஊற்ற வந்தாள். புத்தகத்தில் முதல் தடவையாக அவள் பெயரை எழுதினேன். மனது பொறுக்கவில்லை.

"ஏன்க்கா, இத்தன நாளு சண்ட போட்டோமே, ஒரு வார்த்த சொல்லியிருக்கலாமில்ல?"

கேனைக் கவிழ்த்துக் கடைசிச் சொட்டு வரைக்கும் ஊற்றிவிட்டு நிமிர்ந்தாள்.

"நீங்க யாராச்சும் கேட்டீங்களாம்மா?"