இறக்கத்தில் ஏறிய சார்ஜ்

போடியில் தையற்கடை வைத்திருக்கும் சுரையா, சின்ன மின்சாரக் கார் வாங்கிய வாரமே அதனோடு வந்த கையேட்டைப் பென்சிலும் கையுமாகப் படித்து முடித்தாள். கணவர் ரசூலுக்குச் சிரிப்பு.

"நீ காரு ஓட்டப் போறியா, பரீட்சை எழுதப் போறியா?"

மலைக்கு மேலே பூப்பாறை ஏலத்தோட்டத்தில் வேலை பார்க்கும் அமாவாசையின் மகள் காளீஸ்வரிக்கு அந்த ஞாயிற்றுக்கிழமை காலை பத்தரைக்கு முகூர்த்தம். சுரையா தைத்த கல்யாண ரவிக்கை கையில் இறுக்குகிறது என்று முந்தின நாள்தான் திருப்பி அனுப்பியிருந்தார்கள். பிரித்துத் தைத்ததை எடுத்துக்கொண்டு இருவரும் ஏழரைக்கே கிளம்பினார்கள். ரசூல் ஓட்டினார்.

போடியில் தொண்ணூறு சதவீதம் இருந்த சார்ஜ், கொண்டை ஊசி வளைவுகளெல்லாம் ஏறி மலையுச்சியில் போடிமெட்டு வந்தபோது நாற்பத்தெட்டு. இன்னும் நாற்பது கிலோமீட்டர்தான் ஓடும் என்றது திரை. ரசூல் வண்டியை ஓரங்கட்டினார்.

"பூப்பாறை போய் வீடு திரும்ப நாப்பத்தேழு கிலோமீட்டரு ஆகும். இப்படியே திரும்பிருவோம். ரவிக்கைய ஏதாவது ஜீப்புல குடுத்துவிடலாம்."

"மறுபடியும் இறுக்குனா அந்தப் புள்ள என்ன செய்யும்?" சுரையா கையேட்டில் கோடு போட்ட பக்கத்தைப் புரட்டினாள். "மேடு ஏறுனத வச்சு அப்படிக் காட்டுதுங்க. இறக்கத்துல ஆக்சிலேட்டர்லருந்து கால எடுத்தா சார்ஜ் திரும்ப ஏறுமாம். இந்தப் பொத்தான மூணுல வைக்கணும்."

"ஏறலேன்னா?"

"எறங்கித் தள்ளுவோம். வெரசா எடுங்க."

கல்யாண வீட்டில் காளீஸ்வரி அழுது முகம் வீங்கி உட்கார்ந்திருந்தாள். ரவிக்கையை மாட்டி, இரண்டு கைகளையும் தலைக்கு மேல் தூக்கிப் பார்த்தாள்.

"அக்கா, இப்பச் சரியா இருக்கு!" என்று சுரையாவைக் கட்டிக்கொண்டு சிரித்தாள். அமாவாசை இருவரையும் முதல் பந்தியில் உட்காரவைத்தார்.

திரும்பிப் போடிமெட்டுக்கு வந்தபோது முப்பத்தொன்று. ரசூல் பொத்தானை மூன்றில் வைத்துக் காலை எடுத்தார். யாரோ பின்னாலிருந்து பிடித்து இழுப்பதுபோல் கார் நிதானமாக இறங்கியது. முதல் வளைவில் மாற்றமில்லை. இரண்டாவதிலும் இல்லை. சுரையா கையேட்டை மறுபடி புரட்டினாள். நான்காவது வளைவு திரும்பியதும் முப்பத்திரண்டு.

"ஏறிருச்சு! சுரையா, ஏறிருச்சு!"

அதன்பிறகு எண் கூடும்போதெல்லாம் ரசூல் சத்தம் போட்டார். எதிரே லோடு ஏற்றி வந்த ஜீப்புக்காரர், தன் வண்டியில்தான் ஏதோ கோளாறு என்று நினைத்து எட்டிப் பார்த்தார். அடிவாரத்தில் முப்பத்தாறு!

காரை நிறுத்தி அமாவாசைக்குப் போன் போட்டார் ரசூல்.

"அண்ணே, அஞ்சு சதவீதம் ஏறிருக்குண்ணே!"

"அது கெடக்கட்டும்ணே," என்றார் அமாவாசை. "பாயசம் சாப்டீகளா இல்லையா?"